போர்வைக்குள் பேசியது

"நல்லாத்தான் நடிச்சே, மாப்ள. அதுல ஒரு குத்தமும் சொல்லமாட்டேன். அந்த வசனம் யாரோடது? அதை மட்டும் சொல்லு."

"டைரக்டர் எழுதினதுதான்."

"அந்த ஜப்பான்காரரு தமிழ்ல எழுதினாராக்கும்?" என்றான் சோலையப்பன்.

படம் முடிந்து வந்து நின்ற டீக்கடையில் வைரவன் டீயை ஊதினான். ஷார்ஜாவில், அவர்கள் தங்கியிருந்த முவைலா லேபர் கேம்ப்பில் படமெடுக்க வந்த ஜப்பானிய இயக்குநர், டூட்டி முடிந்து வந்த கூட்டத்தில் அவனைக் கைகாட்டி அழைத்ததிலிருந்து அவன் காட்டில் மழைதான். பெரிய கம்பெனி எதுவும் தொடாத சின்னச் சின்னப் படங்கள்; ஆனாலும் இது நாலாவது. டோக்கியோவிலேயே தங்கிவிட்டான். இன்று துபாய் தேராவில் படம் திரையிட்டார்கள். பழைய ரூம்காரன் சோலையப்பனை லீவு போட்டு வரச்சொல்லி, முன்வரிசையில் உட்காரவைத்திருந்தான்.

சோலையப்பனும் பெருமை பொங்கத்தான் உட்கார்ந்திருந்தான். பாதிப் படத்தில், திரையில் வைரவன் போர்வையை இழுத்து மூடிக்கொண்டு போனில் கேட்டான்: "என் முகம் மறந்துபோச்சா, புள்ள?"

"போட்டோவைப் பாத்தாத்தான் ஞாபகம் வருதுங்க. யாருகிட்டயும் சொல்லிப்புடாதீங்க" என்றது ஒரு பெண் குரல்.

சோலையப்பனுக்கு உடம்பு கூசிப்போயிற்று. அவன் மனைவி வடிவு ஒரு ராத்திரி போனில் அழுதுகொண்டே சொன்னது அது, ஒரு சொல் பிசகாமல்.

எட்டுப் பேர் படுக்கும் ரூமில் போர்வைதான் சுவர். அதற்குள் ஒருவன் வீட்டுக்குப் பேசினால் மற்றவர்கள் தூங்கிவிட வேண்டும்; தூக்கம் வராவிட்டாலும் தூங்கிவிட வேண்டும். அன்று சோலையப்பனின் பழைய போனில் குரல் வெளியே கசிந்துகொண்டிருந்தது. மேல்கட்டிலில் வைரவன் குறட்டை விட்டுக்கொண்டிருந்தான். அதுதான் அவனுடைய முதல் நடிப்பு போலிருக்கிறது.

"உன் பேரைச் சொன்னேனா, ஊரைச் சொன்னேனா?" என்றான் வைரவன். "ஜப்பான் பேப்பர்ல எல்லாம் அந்த ஒரு இடத்தைத்தாண்டா பாராட்டி எழுதுறாங்க."

"வெள்ளிக்கிழமையிலேர்ந்து படத்தை போன்லயே பாக்கலாமாமே. உன் படம்னா நம்ம ஊரே பாக்கும். வடிவு பாக்காமலா இருப்பா?"

"பாத்தா என்ன? கதைதானே."

"அவ சொன்னதை ரூம்ல எல்லார்கிட்டயும் சொல்லிச் சிரிச்சேன்னு நெனப்பா. திருடினது நீ, திருட்டுப் பட்டம் எனக்கா?"

"கலாஸ், முடிஞ்ச கதை, விடுறா" என்று வைரவன் தோளில் கை போட்டான். திரையில் மனைவிக்காக உருகியபோது எப்படித் தலையைச் சாய்த்தானோ, அதே சாய்ப்பு.

சோலையப்பன் கையைத் தட்டிவிட்டான். வடிவின் நம்பரை அழுத்தி, போனை அவன் முகத்துக்கு நேரே நீட்டினான்.

"மணி அடிக்குது. நான் யாருகிட்டயும் சொல்லலை, நீதான் ஒட்டுக் கேட்டேன்னு உன் வாயாலயே அவகிட்டச் சொல்லு, மாப்ள."