ஒன்பது நாள் ஓடிய படம்

சுவிட்சர்லாந்தின் பேர்ணில், அகதி விசாரணை அறைக்குள் வந்த கிழவரை மொழிபெயர்ப்பாளர் தவராஜா கண்டதுமே அடையாளம் தெரிந்துகொண்டார். சிவலிங்கம் மாஸ்டர்! இலங்கையில் தயாரான மூன்று தமிழ்ப் படங்களுக்கு இசையமைத்தவர். கடைசிப் படம் யாழ்ப்பாணத்தில் ஒன்பதே நாள் ஓடியது. அதில் ஆர்மோனியம் வாசித்தது தவராஜா.

விண்ணப்பக்காரர் தெரிந்தவர் என்றால் மொழிபெயர்ப்பாளர் உடனே சொல்லிவிட்டு விலக வேண்டும். பதினெட்டு வருடமாகப் பக்கத்து நகரமான பீலிலிருந்து ரயிலேறி வந்து இந்த வேலை பார்க்கும் தவராஜா, புதிதாக வருகிறவர்களுக்கெல்லாம் அந்த விதியைப் பாடம் எடுத்தவர். இன்று வாயே திறக்கவில்லை. திறந்தால் எப்படிப் பழக்கம் என்று கேட்பார்கள். பிறகு எண்பத்தாறாம் ஆண்டில் அவரே அகதியாக வந்து கொடுத்த வாக்குமூலத்தைத் தோண்டுவார்கள்.

அதில் இருந்ததெல்லாம் நடந்த சங்கதிதான். நடந்தது மாஸ்டருக்கு. படத்தின் பாட்டொன்று பிடிக்காமல் இலங்கை இராணுவம் வீடு புகுந்ததும், இசையமைப்பாளரைப் பிடித்துக்கொண்டுபோய் அடித்து விரல்களை முறித்ததும் அவருக்கு நடந்தவை. விரலை மட்டும் விட்டுவிட்டு, மிச்சத்தைத் தனக்கு நடந்ததாகச் சொல்லி தவராஜா விசா எடுத்தார். மாஸ்டர் எங்கே இந்தப் பக்கம் வரப்போகிறார் என்று அப்போது ஒரு நினைப்பு.

வந்துவிட்டார். 2010இல், வன்னி முகாமிலிருந்து தப்பி, எழுபத்துநாலு வயதில்.

மொழிபெயர்க்கும்போது 'நான்' என்றே சொல்ல வேண்டும். "நான் இசையமைப்பாளர். என் வீட்டுக்கு ஆமி வந்தது." இருபத்துநாலு வருடத்துக்கு முன் சொன்ன அதே வசனங்கள், இப்போது நல்ல ஜெர்மனில் வந்தன. வெட்கத்தில் தவராஜாவுக்குக் காது சுட்டது.

விசாரித்த பெண் அதிகாரி கேட்டாள்: "படச்சுருள்கள் கலவரத்தில் எரிந்துவிட்டன என்கிறீர்கள். உங்கள் பெயர் இணையத்திலும் இல்லை. நீங்கள்தான் இசையமைத்தீர்கள் என்று உறுதிப்படுத்த யாராவது இருக்கிறார்களா?"

தவராஜா அதைத் தமிழில் சொன்னார். மாஸ்டர் வளைந்த விரல்களை மேசைமேல் வைத்து, முதன்முறையாக அவரை நேராகப் பார்த்தார்.

"ஒராள் இருக்கிறான், தம்பி. பிள்ளை குட்டியோடை நல்லா இருக்கிறான்போலை. அவனைக் கரைச்சல்படுத்தி இதுக்குள்ளை இழுக்கேலாது. ஒருத்தரும் இல்லையெண்டு சொல்லுங்கோ."

மாஸ்டர் தன்னை அடையாளம் தெரிந்துகொண்டுதான் இருந்திருக்கிறார்! காதில் விழுந்த அத்தனையையும் சொல்ல வேண்டும் என்பதும் விதிதான்.

"ஒருவருமில்லை" என்றார் ஜெர்மனில்.

மாலையில் விசாரணைப் பதிவை மாஸ்டருக்குத் தமிழில் வாசித்துக் காட்ட வேண்டும். பிழை இருந்தால் அப்போது திருத்தலாம். அந்தப் பக்கம் வந்தது. சொல்லடா, இப்பவாவது சொல்லடா என்று மனம் அடித்துக்கொண்டது. "உறுதிப்படுத்த ஒருவருமில்லை" என்று வாசித்துவிட்டுப் பக்கத்தைப் புரட்டினார். தன்னைப்போல ஒரு கோழை இந்த நாட்டிலேயே இருக்கமாட்டான் என்று தோன்றியது.

மடங்காத விரல்களுக்கிடையில் பேனையைச் செருகி மாஸ்டர் ஒவ்வொரு பக்கத்திலும் ஒப்பமிட்டார். கடைசித் தாள் தவராஜாவிடம் வந்தது. சொல்லப்பட்ட அனைத்தையும் முழுமையாக மொழிபெயர்த்தேன் என்ற வரிக்குக் கீழே அவர் ஒப்பமிட வேண்டும். பேனையின் மூடியைக் கழற்றி, மறுபடி மூடினார்.

"போடு, தவம்," என்றார் மாஸ்டர், ஆர்மோனியக்காரனை அந்நாளில் கூப்பிட்ட பெயரால். "நான் ஒருத்தருக்கும் சொல்லமாட்டன்."

அதிகாரி நிமிர்ந்தாள். "என்ன சொல்கிறார்?"

"ஒன்றுமில்லை" என்று சொல்லிவிட்டு, தவராஜா ஒப்பமிட்டார்.