முன்னால் நின்ற பெட்டை

"எல்லா பண்டல்லயும் ஏழாம் நம்பர் சீட்டுதான் இருக்கு. ஏழு யாரு?" என்று, சரக்கைப் பார்த்து எடுக்க வந்த பையிங் ஆபீஸ்காரர் கேட்டதும் பனியன் கம்பெனியின் செக்கிங் மேசைகளில் கைகள் நின்றன. பீஸைப் பார்த்துச் சரி என்றவள் தன் நம்பர் போட்டுக் கட்டுகிற சீட்டு அது; ஏழு என்றால் ஒச்சம்மாள். ஆனால் அந்தச் சீட்டுகளில் ஒன்றைக்கூட அவள் கட்டவில்லை.

வெளிநாட்டுப் பிள்ளைகள் போடுகிற பனியன் அது. நெஞ்சில் புள்ளிக் கழுதைப்புலிக் குடும்பம்: முன்னால் பெரியது ஒன்று, அதன் மடியில் பால் குடிக்கும் குட்டி, பின்னால் தலையைத் தாழ்த்திக்கொண்டு சிறியது ஒன்று. வந்த சாம்பிளில் பெரியதன் கீழே அம்மா, சிறியதன் கீழே அப்பா என்று இங்கிலீஷில் எழுதியிருந்தது. வரைந்தவனுக்கு விவரம் போதாது என்று முதலாளி ஆத்தப்பனே தீர்ப்புச் சொல்லி, இரண்டு வார்த்தைகளையும் இடம் மாற்றி அச்சடிக்க வைத்தார். குட்டி எங்கே வாய் வைத்திருக்கிறது என்று அந்த மகானுபாவர் பார்க்கவில்லை.

ஒச்சம்மாளுக்கு இங்கிலீஷ் தெரியாது. எட்டு வருடமாகப் பீஸ் பார்க்கிற கண்ணுக்கு, சாம்பிளில் இருந்த எழுத்து இடம் மாறியிருப்பது தெரிந்தது. பிரிண்டிங் மாஸ்டர் ஹிதாயத்துல்லாவிடம் விவரம் கேட்டாள்; அவர் படித்துச் சொன்னார்.

"ஏன் பாய், அப்பன் மடியிலயா குட்டி பால் குடிக்குது?"

முதலாளியிடமும் போய் அதையே கேட்டாள். சீட்டுக் கட்ட மாட்டேன் என்றாள்.

"ஏனம்மணி, உங்கூட்டுல தவசி உனக்குப் பின்னாலதான் நிப்பானாக்கு?" என்றார் ஆத்தப்பன்.

செக்கிங் முழுக்கச் சிரித்தது. பக்கத்து மேசை மூக்கம்மாள் கண்ணில் நீர் வரச் சிரித்தாள். புருஷன் பெயர் சந்தி சிரித்த பிறகு ஒச்சம்மாள் தன் மேசைக்குத் திரும்பினாள். சூப்பர்வைசர் அழகுமலை அவள் நம்பர் சீட்டுகளைத் தானே எடுத்து எல்லா பண்டலிலும் கட்டிவிட்டுப் போனான்.

இப்போது பையிங் ஆபீஸ்காரர் எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார்: "இந்த மிருகத்துல பொம்பளைதான் பெருசு. கூட்டத்துக்கு அதுதான் தலைவி. ஆம்பளை கடைசியாத்தான் வாய் வைக்கும். தாய்க்கு எந்த இடமோ மகளுக்கும் அந்த இடம். மொத்தமும் ரிஜெக்ட்."

"செக்கிங் தப்புங்க. ஏழாம் நம்பரை இன்னைக்கே நிறுத்திடறனுங்க" என்றார் ஆத்தப்பன், கூசாமல்.

பழி ஓரிடம், பாவம் ஓரிடம். ஒச்சம்மாள் மேசையை விட்டு முன்னால் வந்தாள்.

"நான் சொன்னேன். அப்பன் மடியிலயா பால் குடிக்குதுன்னு கேட்டேன். எல்லாரும் சிரிச்சீக."

ஹிதாயத்துல்லா சாயம் படிந்த தன் விரல்களைப் பார்த்தபடி நின்றார். மூக்கம்மாள் எழுந்தாள்.

"ஆமா சார், அவ சொன்னா. நாங்கதான் சிரிச்சோம்."

"உக்காரும்மா!" என்று கத்தினார் ஆத்தப்பன்.

அவள் உட்காரவில்லை. மடியில் சேர்ந்திருந்த நூல்பிசிறு கொத்தாகத் தரையில் கொட்டியது. அவளுக்குப் பின்னால் இன்னொரு ஸ்டூல் நகர்ந்தது.