நூற்றறுபதும் ஆயிரத்துச் சொச்சமும்

எங்கள் தையல் கூடத்தில் துணியை அளந்து வெட்டுவது அக்கா, தைப்பது நான். பெருக்கி வந்த விடையைத் தோராயமாக ஒருமுறை உரசிப் பார்க்காமல் அவள் கத்தரிக்கோலைத் தொடமாட்டாள். "இருபத்தொன்பது உருப்படி, ஒண்ணுக்கு அஞ்சு மீட்டர்கூட இல்ல. நூத்தம்பதைத் தாண்டாது, திரும்பப் போடு" என்று நான் கணக்குப் போட்ட சீட்டைத் தூக்கிப் போடுவாள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஆனால் திரும்பப் போட்டால் தப்பு என்னுடையதாகத்தான் இருக்கும்.

இரண்டு மாதமாக அவள் சீட்டுகளிலேயே கோளாறு. துணி வீணானது. அலட்சியம் என்று நினைத்து வாய்க்கு வந்தபடி ஏசினேன்.

நேற்று ஆஸ்பத்திரிக்கு முப்பத்தெட்டு திரைச்சீலைகள், ஒன்றுக்கு 4.2 மீட்டர். அக்காவின் சீட்டில் 1596 மீட்டர் என்றிருந்தது. புள்ளியை விழுங்கிவிட்டாயா, ஆஸ்பத்திரிக் கட்டடத்துக்கே சட்டை தைக்கப் போகிறோமா என்று கேலி செய்தேன். அவள் சிரிக்கவில்லை. மறுபடி பெருக்கினாள். மறுபடியும் 1596.

பக்கத்தில் உட்கார்ந்து, முப்பத்தெட்டை நாற்பதென்று வைத்துக்கொள், நாற்பதை நாலால் பெருக்கினால் எவ்வளவு என்றேன். நூற்றறுபது என்று உடனே சொல்லி, அந்தச் சீட்டிலேயே எழுதினாள்.

"அப்போ இது எப்படிக்கா ஆயிரத்துக்கு மேல போகும்?"

இரண்டு எண்களையும் மாறி மாறிப் பார்த்தாள். முகத்தில் சின்னச் சுளிப்புகூட இல்லை. பெருக்கலில் பிசகுவது யாருக்கும் நடக்கிறதுதான். அந்த விடை அவளை உறுத்தவில்லையே.

"ரெண்டும் சரியாத்தான்டி இருக்கு," என்றாள். குரல் இறங்கிப் போயிருந்தது. "கொஞ்ச நாளாவே எந்த எண்ணைப் பாத்தாலும் சரின்னுதான் தோணுது. எதுவும் உறைக்க மாட்டேங்குது. உன்கிட்ட சொல்லப் பயமா இருந்துச்சு."

என்னிடம் சொல்லப் பயம். அந்த அளவுக்கு ஏசியிருக்கிறேன். அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். நாளைக்கே டாக்டரிடம் போகலாம் என்றேன். சரியென்று தலையாட்டிவிட்டு, தயங்கித் தயங்கிக் கேட்டாள்.

"இந்த ரெண்டு மாசம் நான் வெட்டினதெல்லாம் சரியா இருந்துச்சா?"

"எல்லாம் கச்சிதமா இருந்துச்சுக்கா."

பொய் சொல்லாதே என்று ஒரு வார்த்தை சொல்வாள் என்று காத்திருந்தேன். அத்தனை ஏச்சும் அவள் காதில் விழுந்ததுதான். ஆனாலும் அப்படியே நம்பிவிட்டாள்.