போணி ஆகாத நேரத்தில் வந்த ஆபீசர்

காலையில் போணி ஆவதற்கு முன்னால் சுருளியம்மாள் வாயிலிருந்து ‘இல்லை’ என்ற சொல் வராது. சில்லறை இல்லையா என்று கேட்டால், “வரும்” என்பாள். கடன் உண்டா என்று கேட்டால், காது கேட்காதவள் மாதிரி வானத்தைப் பார்ப்பாள். முதல் வியாபாரம் முடிவதற்குள் இல்லை என்று சொன்னால் அன்றைக்கு எல்லாமே இல்லை என்றாகிவிடும். தேனி பஜாரில் பிளாட்பாரத்தில் பிழைக்கிற அத்தனை பேருக்கும் இது தெரியும். டெல்லியில் உட்கார்ந்து தெருவோர வியாபாரிகளுக்குச் சட்டம் எழுதியவர்களுக்கு மட்டும் யாரும் சொல்லவில்லை.

சுருளியம்மாளுக்குப் பருத்திப்பால் வண்டி. ஜெயமங்கலத்திலிருந்து முதல் பஸ்ஸில் வந்து இறங்குவாள். பதினோரு வருஷமாக ஒரே இடம். தோட்டவேலைக்குப் போகிற பெண்கள் வேன் ஏறுமுன் அங்கேதான் ஒரு டம்ளர் குடிப்பார்கள். பக்கத்தில் வைகுண்டராஜ், மடக்குக் கட்டிலில் ஜட்டி பனியன் பரப்பி, மேலே கயிற்றிலும் தொங்கவிட்டிருப்பார். சுருளி அருவிக்குக் குளிக்கப் போகிறவர்கள் எல்லாவற்றையும் எடுத்து வைத்து மாற்று ஜட்டியை மட்டும் மறந்துவிட்டு வருவார்கள். அந்த மறதியில்தான் அவர் குடும்பம் நடந்தது.

ஏழு வருஷத்துக்கு முன் ஒருநாள் இவளுக்குக் காய்ச்சல் என்று முதல் டம்ளரை அவர் ஊற்றிக் கொடுத்தார். எட்டு மணிக்கே அண்டா காலி. பதிலுக்கு மறுநாள் இவள் முதல் ஜட்டியை விற்றுக் கொடுத்தாள். சாயங்காலத்துக்குள் சரக்கு தீர்ந்து கட்டிலே தெரிந்தது. அன்றிலிருந்து போணி ஆகும்வரை அவள் கட்டிலில், அவர் வண்டியில். போணி ஆனதும் அவரவர் இடம். கைராசியெல்லாம் நம்பலாமா என்று அவர் ஜெபிக்கப் போகிற சபையில் யாரோ கேட்டதற்கு, “இது நம்பிக்கை இல்லைங்க, அனுபவம்” என்று சொல்லித் தப்பித்தாராம் வைகுண்டராஜ்.

பிளாட்பாரக் கடைகளைக் கணக்கெடுக்க நகராட்சி ஆபீசர் பாண்டியராஜன் சார் காலை ஆறரைக்கு வந்தார். அதுதான் நேரம் பார்த்து வந்தது. ஜட்டிக் கட்டிலில் இருந்தவளிடம், இது உங்கள் கடையா என்று கேட்டார். போணி ஆகவில்லை. தொண்டைவரை வந்த ‘இல்லை’யை விழுங்கி, ஆமா சார் என்றாள். கரண்டியோடு நின்ற வைகுண்டராஜும் அதையே சொன்னார். போனில் ஆளுக்கொரு போட்டோ எடுத்துக்கொண்டு அவர் போய்விட்டார். காகிதந்தானே, என்ன ஆகிவிடும் என்று இருவரும் சிரித்துக்கொண்டார்கள்.

நாலு மாசத்தில் ஆளுக்கொரு வியாபாரி அடையாளக் கார்டு வந்தது. தொழில்: உள்ளாடை விற்பனை. போட்டோவில் சுருளியம்மாள், தலைக்கு மேல் தோரணமாய் ஜட்டிகள். பருத்திப்பால் வைகுண்டராஜ் கார்டுக்குப் போயிருந்தது. அதைக்கூடப் பொறுத்திருப்பாள். ஒன்றாம் தேதி முதல் கார்டில் உள்ள சரக்கைத் தவிர வேறு விற்றால் மார்க்கெட்டுக்குப் பின்னாலுள்ள பொட்டலுக்கு மாற்றப்படும் என்று நோட்டீசும் வந்தது. அந்தப் பொட்டலில் நாய்கூடப் படுக்காது. வேன் பெண்கள் அங்கே எப்படி வருவார்கள்? பாலைச் சாக்கடையில்தான் ஊற்றவேண்டும்.

ஆபீசுக்குப் போனாள். கணக்கெடுத்துக் கார்டு கொடுத்தவர்களை விசாரிக்காமல் தூக்கக் கூடாதாமே சார் என்று சட்டம் பேசினாள். பாண்டியராஜன் மறுக்கவில்லை.

“சட்டம் உங்களைக் காப்பாத்தும்மா. ஜட்டி விக்கிற வரைக்கும்.”

ரெண்டு பேரும் சரக்கை மாற்றிக்கொண்டால் என்ன என்று அவரே ஒரு வழியும் சொன்னார். வைகுண்டராஜுக்குப் பாலில் எவ்வளவு சுக்குப் போடவேண்டும் என்று தெரியுமா என்று கேட்டுவிட்டு, திருத்த மனு எழுதிக் கொடுத்தாள். நேரில் வந்து ஆய்வு செய்துதான் திருத்துவாராம். என்றைக்கு வருவார்? சொல்லிக்கொண்டு வந்தால் அது ஆய்வா?

அதனால் அவரவர் கடையை அவரவரே திறந்தார்கள். முதல் நாள் பால் அடிபிடித்தது. இரண்டாம் நாள் மழை. மூன்றாம் நாள், பத்து மணிவரை ஒரு ஜட்டிகூட நகராமல் வைகுண்டராஜ் கன்னத்தில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார்.

“ஆத்தா, ஆபீசர் வந்து கெடுக்கறதுக்கு முந்தி நாமளே கெட்டுப் போயிருவோம் போல.”

நாலாம் நாள் பழையபடி மாறி உட்கார்ந்தார்கள். பாண்டியராஜன் வந்து பைக்கை நிறுத்தினார். வேறென்ன?

ஜட்டிகளுக்கு நடுவே இருந்தவளை மேலும் கீழும் பார்த்தார். பேனாவைத் திறந்தார். “போன தடவையும் இங்கதான் இருந்தீங்க. இப்பவும் இங்கதான். இது உங்க கடைதானம்மா?”

இல்லை என்றால் இடம் மிஞ்சும், போணி போகும். ஆமாம் என்றால் பதினோரு வருஷமும் பொட்டலுக்குப் போகும். சுருளியம்மாள் கட்டிலிலிருந்து ஒரு ஜட்டியை எடுத்து உதறினாள். வேனிலிருந்த பெண்கள் எட்டிப் பார்த்தார்கள்.

“சார், ஒங்க சைசு எம்புட்டு?”

பேனா நின்றுவிட்டது.

“ஒண்ணு வாங்கிப் போணி பண்ணுங்க சார். அப்புறம் நீங்க என்ன கேட்டாலும் உள்ளதைச் சொல்றேன்.”

ஆய்வுக்கு வந்த இடத்தில் பொருள் வாங்கினால் லஞ்சம் என்று பேசுவார்களே என்று அவர் முனகினார்.

“லஞ்சம்னா நாங்க குடுப்போம், போணின்னா நீங்கதான் சார் குடுக்கணும்.”

வேன் முழுக்கச் சிரிப்பு. அவர் நாலு பக்கமும் பார்த்துவிட்டு, ரகசியம் சொல்கிற குரலில் “தொண்ணூறு” என்றார். அவள் பேப்பரில் சுற்றிக் கொடுத்தாள். காசை வாங்கிக் கண்ணில் ஒற்றிச் சுருக்குப்பையில் போட்டாள். நாலு மாசமாகத் தொண்டையில் கிடந்ததைத் துப்பினாள்.

“இல்ல சார். இது என் கடை இல்ல. இல்லவே இல்ல.”

அவர் திரும்பி வைகுண்டராஜைப் பார்த்தார். வைகுண்டராஜ் ஒரு டம்ளரை நீட்டினார். ஆபீசர் குடித்துக் காசு கொடுத்தார். பிறகு வைகுண்டராஜும், இது என் வண்டி இல்லை என்றார். ஆபீசர் இருவரையும் இடம் மாறி நிற்கச் சொல்லிப் புதிதாகப் போட்டோ எடுத்து, எழுத வேண்டியதை எழுதிக்கொண்டு போனார்.

பதினைந்தாம் நாள் காலை ஆறரைக்கு அவரே வந்தார். ஒரு கையில் புதுக் கார்டு. அதில் அண்டா, கரண்டி, ஆவிக்குப் பின்னால் சுருளியம்மாளின் பல். தொழில்: பருத்திப்பால். இன்னொரு கை பைலுக்கு அடியில் ஒரு பேப்பர் பொட்டலத்தை ஒளித்துப் பிடித்திருந்தது. சைசு இறுக்கிப் பிடிக்கிறதாம், மாற்ற வேண்டுமாம். போணிக்கு முன்னால் சரக்குத் திரும்பி வருவது, இல்லை என்பதைவிடப் பெரிய கேடு. ஆனால் மனுஷர் இப்போது விவரமாகிவிட்டார். பொட்டலத்தை வெளியே எடுக்காமல், கட்டிலில் இருந்தவளிடம் மெதுவாகக் கேட்டார்.

“போணி ஆயிருச்சாம்மா?”

சுருளியம்மாள் கட்டிலின் ஓரத்தில் பனியன்களை ஒதுக்கி இடம் பண்ணினாள்.

“ஆயிரும் சார். உக்காருங்க.”