சம்பந்தம் கொடுத்த ரத்தம்

முடிச்சூர் சம்பந்தத்துக்குப் பிறந்தநாள் என்றால் ரத்த தான முகாம்தான். தெருவெல்லாம் பேனர், 'குருதி வள்ளல்' என்று பட்டம் வேறு. வள்ளலாம், மண்ணாங்கட்டி. வருஷா வருஷம் மண்டபத்துக் கட்டிலில் படுப்பார், கையில் பிளாஸ்திரி ஒட்டுவார்கள், போட்டோ எடுத்ததும் எழுந்து போய்விடுவார். ஊசி அவர் தோலைத் தொட்டதே இல்லை. ரத்தம் கொடுப்பதெல்லாம் வரிசையில் நிற்கும் பையன்கள்தான்.

இந்த முறை ரத்த வங்கியிலிருந்து வந்த நர்ஸ் சந்திரிகா, அவருடைய பங்காளி மகள். அவள் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்த காலத்தில் அண்ணன் மதியழகன் லாரியில் அடிபட்டுக் கிடந்தபோது, சொந்தக்காரர்கள் யாராவது வந்து கொடுத்தால்தான் ரத்தம் தருவோம் என்றது ஆஸ்பத்திரி. ரத்தசோகைக்காரி அம்மா சம்பந்தத்திடம்தான் ஓடினாள். ஆம்பளைக்கு ரத்தம் போனால் தெம்பும் போய்விடும் என்று உள்ளேயிருந்தே சொல்லி அனுப்பினார், கேட்டைக்கூடத் திறக்கவில்லை. அண்ணன் போய்விட்டான். சந்திரிகாவின் வயிற்றெரிச்சல் இன்னும் ஆறவில்லை. இந்த ஆளை விடக்கூடாது என்றுதான் இன்றைய டியூட்டியைக் கேட்டு வாங்கியிருந்தாள்.

மாஸ்க் போட்டிருந்ததால் அவருக்கு அடையாளம் தெரியவில்லை. "பிளாஸ்திரி ஒட்டும்மா, போட்டோக்காரன் வெய்ட் பண்ணிகினு கீறான்" என்றார்.

"முதல்ல செக் பண்ணிடலாம் சார்."

விரலில் குத்தினாள், பிரஷர் பார்த்தாள். ஏதாவது குறை இருக்கக்கூடாதா என்று அவர் முகம் ஏங்கியது. ஒரு குறையும் இல்லை, கல்லு மாதிரி உடம்பு.

சந்திரிகா மண்டபமே கேட்கும்படி சொன்னாள். "சார் ஃபிட்டா இருக்கார். ஆனா யாரையும் கட்டாயப்படுத்தக் கூடாது. வேணாம்னா சொல்லிடுங்க சார், எழுந்து போயிடலாம்."

வரிசை முழுக்க அவரையே பார்த்தது. அவர் மச்சான் குமரேசன் செல்போனில் லைவ் ஓட்டிக்கொண்டிருந்தான்.

"இன்னாம்மா கேள்வி இது. குத்து" என்றார்.

பை நிறைய நிறைய அவருக்கு வேர்த்துக் கொட்டியது. "போதாதாம்மா?" என்று முனகினார்.

"நிறுத்திடவா சார்?" என்றாள் உரக்க.

செல்போனைப் பார்த்துப் பல்லைக் காட்டினார். அவளுக்கு உள்ளுக்குள் குளுகுளுவென்று இருந்தது. கொஞ்சமும் பாவம் பார்க்கவில்லை.

ஊசியை எடுத்துப் பஞ்சை வைத்து அழுத்திவிட்டு, மாஸ்க்கை இறக்கினாள். அவர் முகத்தில் ஈயாடவில்லை.

இளஞ்சூட்டோடு இருந்த பையை அவர் கண்ணெதிரே தூக்கிப் பிடித்தாள்.

"அன்னிக்கு எங்கம்மா உங்ககிட்ட கேட்டது இவ்ளோதான் பெரியப்பா."