திருப்பிக் கழுவாத கால்

“தாத்தா காலு தூங்கிக்கிட்டே இருக்குன்னா, சுட்டா அதுக்கு யாரு சொல்லுவா?”

சிறுமி ஜூன் இப்படிக் கேட்டது குளிர்காலத்தில், பெத்தேல் சபையின் சாப்பாட்டுக் கூடத்தில். அவளுக்கு அப்போது ஏழு வயது. அவள் தாத்தா, சபையில் டீக்கன் என்னும் ஊழியப் பொறுப்பில் இருந்த டாலிவர், நாற்காலியில் சாய்ந்து வலது காலை நீட்டியிருந்தார். கெசையா ஒரு நைலான் இழையால் அவருடைய உள்ளங்காலை இங்குமங்கும் தொட்டு, “தெரியுதா?” என்று கேட்டுக்கொண்டிருந்தாள். கண்ணை மூடியிருந்த டீக்கன் பதிலே சொல்லவில்லை. இழை படுவதே அவருக்குத் தெரியவில்லை. சர்க்கரை நோய் அந்தக் காலின் உணர்வை எப்போதோ தின்றுவிட்டிருந்தது.

“அதான் நான் வந்திருக்கேனே, நான் சொல்றேன்” என்று கெசையா சிரித்துக்கொண்டே குழந்தையின் கன்னத்தைத் தட்டினாள்.

கெசையா நர்சிங் கடைசி வருடம் படித்தாள். மருத்துவமும் நர்சிங்கும் பல் மருத்துவமும் படிக்கிறவர்களுக்கென்று ஒரு சேவை ஃபெல்லோஷிப் உண்டு. அதில் தேர்வானவர்கள் படிப்போடு சேர்த்து ஒரு வருடம், தாங்களே ஓர் இடத்தையும் அங்குள்ள ஒரு குறையையும் தேர்ந்துகொண்டு உழைக்க வேண்டும். கூடப் படித்தவர்கள் நகரத்துப் பள்ளிக்கூடங்களைத் தேர்ந்தார்கள். கெசையா தான் ஞானஸ்நானம் பெற்ற சபையையே தேர்ந்தாள். அலபாமாவின் கரிசல் சீமையில் அந்தச் சபைக்கு வருகிறவர்களில் பாதிப் பேருக்குச் சர்க்கரை. வருடத்துக்கு ஒருவராவது காலை இழந்து திரும்புவார். பக்கத்தில் இருந்த ஆஸ்பத்திரியும் மூடிப் பல காலம் ஆகிவிட்டது.

ஆனால் யாரும் காலைக் காட்ட வரவில்லை. ரத்த அழுத்தம் பார்க்கக் கையை நீட்டுவார்கள். கால் என்றதும் எழுந்துவிடுவார்கள்.

“என் காலைப் பாத்தேன்னா நீ நர்சிங்கையே விட்டுட்டு ஓடிடுவே கண்ணு” என்பார் சபைக்கு வரும் சிஸ்டர் வில்ஹெல்மினா. “அப்புறம் உங்கம்மாவுக்கு யாரு பதில் சொல்றது?”

வழி சொன்னது டீக்கன்தான். பெத்தேல் சபையில் வருடத்துக்கு ஒருமுறை, திருவிருந்து முடிந்ததும், ஆண்டவர் தம் சீடர்களுக்குச் செய்தது போலவே துண்டை இடுப்பில் கட்டி, மண்டியிட்டு, ஒருவர் காலை ஒருவர் கழுவுவார்கள். கழுவப்பட்டவர் கட்டாயம் திருப்பிக் கழுவ வேண்டும். அதுதான் முறை.

“அன்னைக்கு எல்லாரும் சாக்ஸைக் கழட்டித்தானே ஆகணும்?” என்றார் டீக்கன். “கழுவி முடிச்ச கையோட நீ ஒரு பார்வை பாத்துடு. நான் முதல்ல காட்டறேன். என் காலை விட அசிங்கமான கால் இந்த ஊர்லயே கிடையாது, அப்புறம் எவனுக்கு வெக்கம்?”

அந்த ஞாயிறும் வந்தது. ஆண்கள் ஒரு பக்கமும் பெண்கள் ஒரு பக்கமும் உட்கார்ந்திருந்தார்கள். கெசையாவின் கையிலிருந்த சின்ன டார்ச்சைப் பார்த்ததும் ஒருவரும் அசையவில்லை. டீக்கன் எழுந்து, தண்ணீர்க் கிண்ணத்தைத் தூக்கிக்கொண்டு, நடுப்பாதையைத் தாண்டி வந்து கெசையாவின் முன்னால் மண்டியிட்டார்.

“டீக்கன், அது பொம்பளைங்க பக்கம்!” என்று யாரோ குரல் கொடுத்தார்கள்.

“எனக்குக் கண்ணு தெரியுது தங்கச்சி. நம்ம எல்லார் காலையும் இந்தப் பொண்ணு பாக்கப்போகுது. இவ காலை யாரு பாக்கறது?”

பாஸ்டர் சரியென்று தலையசைத்தார். டீக்கன் அவள் காலைக் கழுவித் துண்டால் ஒற்றினார். “ஷூ இறுக்கமா இருக்கு போல. நர்சம்மாவே இப்படிப் போட்டா நாங்க எங்க போறது?” என்றார். சபை சிரித்தது. பூட்டு திறந்த மாதிரி இருந்தது. பின் வரிசையில் இரண்டொருவர் ஷூவைக் கழற்றவும் தொடங்கினார்கள்.

பிறகு அவர் உட்கார, கெசையா மண்டியிட்டாள். வலது காலின் சாக்ஸைக் கீழே இழுத்தாள். வரவில்லை. மெல்ல இழுத்தாள். சாக்ஸோடு தோலும் சேர்ந்து வந்தது.

டீக்கனின் முகத்தில் வலியே இல்லை. அவள் முகத்தைப் பார்த்த பிறகுதான் அவருக்குப் புரிந்தது.

பெத்தேல் சபையில் அழுக்குக் காலோடு யாரும் பாதம் கழுவ வருவதில்லை. கழுவுகிறவருக்குக் கழுவ ஒன்றும் மிஞ்சக் கூடாது என்பதற்காக, காலையிலேயே வீட்டில் வெந்நீரும் உப்பும் போட்டுக் காலை ஊறவைத்துத் தேய்த்துவிட்டுத்தான் வருவார்கள். கெசையாவும் சின்ன வயதிலிருந்து அப்படித்தான் செய்தாள். அன்று காலையும் செய்தாள். வெறுங்காலோடு நடக்காதீர்கள், நகத்தை நேராக வெட்டுங்கள் என்று ஊருக்கெல்லாம் சொன்னவளுக்கு, இந்தச் சபையில் இந்த நாளில் வெந்நீரில் காலை ஊறவைக்காதீர்கள் என்று சொல்ல வேண்டும் என்று தோன்றவேயில்லை.

“எவ்வளவு சூடு வச்சீங்க டீக்கன்?”

“கொஞ்சம் தாராளமாத்தான் கொதிக்கவிட்டேன்” என்றார் அவர், குற்றம் செய்த பிள்ளையைப் போல. “நீதான் டார்ச் அடிச்சுப் பாப்பியே.”

மாண்ட்கமரி ஆஸ்பத்திரிக்கு அவளே காரை ஓட்டினாள். புண் முந்தின வாரமே சின்னதாக இருந்திருக்கலாம் என்றும், வெந்நீர் அதைத் திறந்துவிட்டது என்றும் அங்கே சொன்னார்கள். முதலில் விரல்கள் கறுத்தன. மருந்து ஏறிக்கொண்டே இருந்தது. கருமையும் ஏறிக்கொண்டே இருந்தது.

ஃபெல்லோஷிப்பில் அவளுக்கு வழிகாட்டியாக இருந்த பேராசிரியை போனில் பேசினார். “குழு கூடிப் பேசற வரைக்கும் உன் திட்டத்தை நிறுத்தி வைம்மா. அங்க யார் காலையும் தொடாதே.”

“கால் போயிடுமா மேடம்?” என்றாள் கெசையா. அவளுக்கு வேறெதுவும் காதில் விழவில்லை.



ஆஸ்பத்திரி மாடிப்படியில் உட்கார்ந்து அவள் ஜெபித்தாள். முதலில் கால் முழுவதையும் கேட்டாள். அடுத்த நாள், குதிகாலாவது இருக்கட்டும் என்றாள். அதற்கடுத்த நாள், முழங்காலை மட்டும் விட்டுவிடும் ஆண்டவரே என்று பேரம் பேசினாள். கேட்பது குறைந்துகொண்டே போனது. கடைசியில் கேட்க வார்த்தையே வரவில்லை. வெறுமனே உட்கார்ந்திருந்தாள். அப்படி உட்கார்ந்திருப்பதையும் ஜெபமாக ஏற்றுக்கொள்கிறவர் அவர் என்று நம்ப, அவளுக்கு அப்போது பலமில்லை.

டீக்கனின் மகளும் ஜூனின் அம்மாவுமான லொரெட்டா மீன் ஆலையிலிருந்து வேலை உடுப்போடு நேராக வந்தாள். வராந்தாவில் கெசையாவைப் பார்த்ததும் நின்றாள்.

“நீ படிச்சுப் பழக உனக்கு எங்கப்பா கால்தான் கிடைச்சுதா?”

கெசையா தலையை நிமிர்த்தவில்லை.

முழங்காலுக்குக் கீழே எடுத்தே ஆக வேண்டும் என்று சர்ஜன் சொன்னபோது டீக்கன் கேட்ட முதல் கேள்வி, “அப்ப வேனை யாரு ஓட்டறது?” டயாலிசிஸுக்குப் போகிறவர்களைச் சபை வேனில் அழைத்துப் போவது அவர்தான். பாஸ்டர் தான் ஓட்டுவதாகச் சொன்னார். “பாஸ்டரா? அப்ப வேன்ல ஏர்றதுக்கு முன்னாடியே எல்லாரும் பாவமன்னிப்பு கேட்டுக்கட்டும்” என்றார் டீக்கன்.

ஆபரேஷன் அறைக்குத் தள்ளிக்கொண்டு போகும்போது கெசையாவைப் பக்கத்தில் கூப்பிட்டார்.

“பொண்ணே, நான் உன் காலைக் கழுவினேன். நீ இன்னும் திருப்பிக் கழுவலே. பாக்கி வைக்கறது சபை முறை இல்லே.”

“டீக்கன்...”

“சீக்கிரம் பண்ணு. இனிமே ஒண்ணுதான் மிச்சம்.” அவர் சிரித்தார். அவளால் முடியவில்லை. கட்டில் திரும்பும்போது அவர் பக்கக் கம்பியை இறுகப் பற்றியதை அவள் பார்த்துவிட்டாள்.

கதவு மூடியிருந்த நேரத்தில் போன் அடித்தது. சிஸ்டர் வில்ஹெல்மினா. குரல் மிகவும் தணிந்திருந்தது.

“கண்ணு, எனக்கும் ஒரு கொப்புளம் இருக்கு. அன்னைக்கு வெந்நீர்ல வந்தது. மூடி வச்சுட்டேன். எனக்குப் பயமா இருக்கு. வர்ற ஞாயிறு வருவியா?”

“ஞாயிறு வரைக்கும் வேண்டாம் சிஸ்டர். இன்னைக்கே பாஸ்டரை வேன் எடுக்கச் சொல்லி இங்க வாங்க, டாக்டர் பாக்கட்டும். ஞாயித்துக்கிழமை நானும் வருவேன், ஃபெல்லோஷிப் இருந்தாலும் இல்லேன்னாலும்.”

மதியம் கழிந்து டீக்கனை அறைக்குக் கொண்டுவந்தார்கள். போர்வை ஒரு பக்கம் நீண்டும் மறுபக்கம் சட்டென்று தாழ்ந்தும் கிடந்தது. மருந்து மயக்கத்தில் உறங்கினார். லொரெட்டா வெகுநேரம் அந்தத் தாழ்ந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு பையிலிருந்து ஒரு சாண்ட்விச்சை எடுத்துப் பிய்த்து, பாதியைக் கெசையாவின் மடியில் வைத்தாள்.

“நான் ஜூனுக்குப் போன் பண்ணணும்” என்று மட்டும் சொல்லிவிட்டு வெளியே போனாள்.

கெசையா திரையை இழுத்து மூடினாள். கிண்ணத்தில் தண்ணீர் பிடித்தாள். முழங்கையின் உட்புறத்தை அதில் வைத்துப் பார்த்தாள். கொஞ்சம் குளிர்ந்த நீர் சேர்த்து மறுபடியும் வைத்துப் பார்த்தாள். பிறகு ஒரு துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு கட்டிலின் கால்மாட்டில் மண்டியிட்டாள்.

இடது காலைக் கழுவினாள். குதிகாலை, வளைவை, ஒவ்வொரு விரலிடுக்கையும். அந்தக் காலும் தூங்குகிற கால்தான். அவள் கை பட்டது அதற்குத் தெரியாது. விரல்களுக்கு நடுவே ஈரம் தங்காமல் ஒற்றி எடுத்தாள். வெளிச்சத்தில் அடிப்பாதத்தைத் திருப்பிப் பார்த்தாள். எங்கும் காயமில்லை. சுத்தமான சாக்ஸ் ஒன்றைச் சுருக்கமில்லாமல் போட்டுவிட்டாள்.

கிண்ணத்தைக் கவிழ்த்து வைத்து, திரையை விலக்கி, நாற்காலியில் வந்து உட்கார்ந்தாள். கொஞ்ச நேரத்தில் லொரெட்டா திரும்பி வந்தாள்.

“அப்பா முழிச்சாரா?”

“இல்லக்கா” என்றாள் கெசையா. “நல்லாத் தூங்கறார்.”