ஷூவைக் கழற்றிவிட்டுப் போன காடு

பேருந்தின் கண்ணாடிகள் திறக்காது. திறக்கக் கூடாது என்பதற்காகவே ஒவ்வொரு சட்டத்தையும் பற்றவைத்திருந்தார்கள். அந்தக் கண்ணாடிகளுக்குப் பின்னால் உட்கார்ந்துதான் கள்ளக்குறிச்சிப் பிள்ளைகள் ஆண்டுக்கு ஒருமுறை கல்வராயன் மலையைப் பார்த்தார்கள். கச்சிராயபாளையத்துக் காவல்வாயிலைத் தாண்டி, வெள்ளிமலை வரை ஏறி, எங்கும் இறங்காமல் திரும்ப வேண்டும். பாடத்திட்டத்தில் அதற்கு மலைக் காட்சி என்று பெயர்.

பதினொரு வயது ஃபரீனுக்கு இது ஆறாவது மலைக் காட்சி. தங்கை சபாவுக்கு ஆறு வயது. அவளுக்கு இதுவே முதல்.

மண்காய்ச்சல் வந்த ஆண்டில் ஃபரீன் தொட்டில் குழந்தை. அதன் பிறகு ஊரில் மண்ணே இல்லாமல் போயிற்று. தெருக்களுக்குச் சிமென்ட் பூசினார்கள். மரங்களை வேரோடு எடுத்தார்கள். பறவைகள் நுழையாதபடி கூரைகளுக்கு மேலே வலை கட்டினார்கள். நடக்கத் தொடங்கும் ஒவ்வொரு குழந்தைக்கும் அரசாங்கமே ஷூ கொடுத்தது. அதன் அடியில் ஒரு வெள்ளைப் பட்டை இருக்கும். மண் பட்டால் அது நீலமாகும். நீலம் கண்டவர்களைச் சின்னசேலத்துக்கு அப்பாலிருந்த தனிமை இல்லத்துக்கு அழைத்துப் போவார்கள். வகுப்பில் ஃபரீனின் பக்கத்தில் உட்கார்ந்திருந்த கண்ணகி போன மழைக்காலத்தில் அப்படிப் போனவள்தான். இரண்டே நாளில் அவளுடைய மேசையையும் எடுத்துவிட்டார்கள். அவள் எப்போது வருவாள் என்று ஃபரீன் கேட்டபோது, விஜயலட்சுமி டீச்சர் துடைத்த கரும்பலகையையே மறுபடியும் துடைத்துக்கொண்டிருந்தார்.

அன்று மலையிறங்கும் வழியில் ஒரு பெரிய கிளை முறிந்து சாலையின் குறுக்கே கிடந்தது. ஓட்டுநர் தெய்வசிகாமணி வெள்ளைக் காப்புடையை மாட்டிக்கொண்டு, பின்கதவைத் திறந்து நீளக் கொக்கியை எடுத்துக்கொண்டு முன்னால் போனார். பிள்ளைகள் எல்லோரும் முன்கண்ணாடியில் மொய்த்தார்கள். டீச்சர் அவர்களைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டிருந்தார்.

"ரொம்பக் கிட்ட போவாத ஃபரீனு, அந்தக் கெள உன்ன இஸ்துக்கும்," என்றான் சரத்குமார். வகுப்பில் யாரையாவது சீண்டாமல் அவனுக்குப் பொழுது போகாது. எல்லோரும் சிரித்தார்கள். சபாவும் சிரிக்கிறாளா என்று பார்க்க ஃபரீன் திரும்பினாள். இருக்கை காலியாக இருந்தது.

பின்கதவு ஒரு சாண் திறந்திருந்தது. தாழ்ப்பாளை ஓட்டுநர் சரியாகப் போடவில்லை.

டீச்சரிடம் சொன்னால் அவர் காவல்வாயிலுக்குச் சொல்லியாக வேண்டும்; காவல்வாயில் சபாவைச் சின்னசேலத்துக்கு அனுப்பும். சொல்லாவிட்டால் பேருந்து அவளை விட்டுவிட்டுப் புறப்பட்டுவிடும். வேறு வழி தெரியாமல் ஃபரீன் படியில் இறங்கினாள்.

தார் முடிந்து மண் தொடங்கும் இடத்தில் சபாவின் ஷூக்கள் ஒன்றையொன்று ஒட்டி ஒழுங்காக நின்றன. உள்ளே சாக்ஸ் மடித்து வைக்கப்பட்டிருந்தது. காட்டுக்குள் எப்படிப் போவது என்று அந்த ஊரில் எவரும் எந்தக் குழந்தைக்கும் சொல்லித்தந்ததில்லை. இன்னொருவர் இடத்துக்குள் போகும்போது காலில் இருப்பதை வாசலில் கழற்ற வேண்டும் என்பது மட்டும் சபாவுக்குத் தெரிந்திருந்தது.

ஷூவோடு போனால் பட்டை நீலமாகும். வெறுங்காலோடு போனால் காய்ச்சல் வரும் என்று பாடப்புத்தகம் சொல்லியது. ஃபரீன் தன் ஷூக்களைத் தங்கையின் ஷூக்களுக்குப் பக்கத்தில் கழற்றி வைத்தாள். முதல் அடியிலேயே தரை உள்வாங்கியது. காலுக்கு வழிவிடும் தரையில் அவள் அதுவரை நின்றதே இல்லை. கீழே இழுக்கப்படுகிறோம் என்று நினைத்துக் காலைப் பிடுங்கிக்கொண்டாள், மறுபடி வைத்தாள்.

அங்கே எதுவும் சும்மா இல்லை. ஆட்டுவார் இல்லாமல் இலைகள் ஆடின. முகம் தெரியாத ஏதோ ஒன்று சருகுக்குள் ஓடி நின்றது. அவள் நகர்ந்தால் அதுவும் நகர்ந்தது. கத்தினால் பேருந்தில் கேட்கும் என்பதால் உதட்டைக் கடித்துக்கொண்டாள். சரிவுக்குக் கீழே கற்களுக்கு நடுவே ஓர் ஓடை போயிற்று. அதில் கணுக்கால் வரை நின்றுகொண்டு சபா எதையோ தேடிக்கொண்டிருந்தாள்.

"இன்னா பண்ணிக்கினு கீற?" ஃபரீனின் குரல் வெறும் மூச்சாகவே வந்தது.

"கூப்ட்டுப் பாத்தேங்கா. வூட்ல யாரும் இல்ல. தண்ணியத் தொறந்து வுட்டுட்டுப் போய்ட்டாங்க. கொழாய் எங்க கீதுன்னே தெரியல."

ஃபரீன் அவளை இழுத்துக்கொண்டு ஓடினாள். சாலையோரத்தில் பாவாடை நுனியால் நான்கு கால்களையும் துடைத்துவிட்டு, ஈரத்தின் மேலேயே சாக்ஸையும் ஷூவையும் மாட்டினாள். அவர்கள் ஏறியபோது எஞ்சின் உறுமிக்கொண்டிருந்தது. பின்னால் யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

காவல்வாயிலில் வெள்ளைத் துணி விரித்திருந்தார்கள். ஒவ்வொருவரும் அதன்மேல் நின்று ஷூவின் அடியைத் தூக்கிக் காட்ட வேண்டும். இருசம்மாள் என்ற காவலர் டார்ச் அடித்துப் பட்டைகளைப் பார்த்தார். டீச்சர் முதலில் காட்டிவிட்டு ஓரமாக நின்றார். சபாவின் இரண்டு பட்டைகளும் வெள்ளையாகவே இருந்தன. அவள் அடுத்த அடி வைத்தபோது ஷூவின் தையலிலிருந்து தண்ணீர் கசிந்து துணியில் பரவியது. நாள் முழுவதும் பேருந்துக்குள் இருந்த பிள்ளையின் காலில் ஈரம் எங்கிருந்து வரும்?

பின்னாலேயே நின்ற ஃபரீன், தண்ணீர்ப் பாட்டிலின் மூடியைத் திருகி, கையிலிருந்து நழுவவிட்டாள். இருவர் கால்களும் நனைந்தன.

இருசம்மாள் கோபப்படவில்லை. "பரவால்ல கண்ணு. ஈரத்தோட போனா சளி புடிச்சிக்கும். ரெண்டு பேரும் ஷூவக் கழட்டுங்க, தொடச்சிக் குடுக்கறேன்," என்றார். அந்த அன்புதான் ஃபரீனை உறையவைத்தது. ஷூவுக்குள்ளே, விரல் இடுக்கில், மலை இருந்தது.

அப்போது சபாவின் சாக்ஸ் விளிம்பிலிருந்து ஒரு சிறிய பச்சை இலை நழுவித் துணியில் விழுந்தது. ஃபரீன் பார்த்தாள். டீச்சரும் பார்த்தார். ஒரு குழந்தை சிக்கினால் பேருந்தில் வந்த நாற்பது பேரும், டீச்சரையும் சேர்த்து, தனிமை இல்லத்துக்குப் போக வேண்டும். டீச்சர் இரண்டே எட்டில் வந்து அந்த இலையின் மேல் காலை வைத்தார். ஃபரீனின் காதைப் பிடித்து முறுக்கினார்.

"ஒரு பாட்டிலப் புடிக்கத் துப்பில்ல, ஆறாவது படிக்கிறியா? ஏறு பஸ்ல." பிறகு இருசம்மாளிடம், மாற்றுத் துணி வண்டியில் இருப்பதாகவும், தானே பார்த்துக்கொள்வதாகவும், வாயில் மூட நேரமாகிவிட்டதே என்றும் ஒரே மூச்சில் சொன்னார். இருசம்மாள் கடிகாரத்தைப் பார்த்தார். பின் டார்ச்சை அடுத்த பிள்ளையின் பக்கம் திருப்பினார்.

பேருந்து சமவெளியில் ஓடத் தொடங்கியதும் டீச்சர் அக்கா தங்கையின் இருக்கைக்கு வந்து உட்கார்ந்தார். குனிந்து தன் ஷூவின் அடியிலிருந்து இலையைப் பிய்த்தெடுத்தார். எறிய இடமில்லை, ஜன்னல்கள் திறக்காது, குப்பைத் தொட்டியைச் சோதிப்பார்கள். அதை வாயில் போட்டு விழுங்கினார். பெரியவர்களுக்கும் இவ்வளவு பயம் இருக்கும் என்பது ஃபரீனுக்கு அதுவரை தெரியாது.

"வூட்ல கூட சொல்லாத," என்றார் டீச்சர், முன்னால் பார்த்தபடி. "உங்க அம்மா நல்லவங்கதான். ஆனா பயந்தவங்க காவல்வாயிலுக்குப் போன் பண்ணிடுவாங்க."

ஃபரீன் சொல்லமாட்டாள். ஆனால் சபாவுக்கு வாயை மூடத் தெரியாது. தின்ற மிட்டாயிலிருந்து கண்ட கனவு வரை எல்லாவற்றையும் அத்தாவிடம் ஒப்பிக்காமல் அவளுக்குத் தூக்கம் வராது. கடைவீதியில் பாத்திரக்கடை வைத்திருந்த அவர்கள் தகப்பனார் முகம்மது கவுஸோ, கேட்டதையெல்லாம் வாடிக்கையாளர்களிடம் சொல்லிச் சிரிக்கிறவர். வழி நெடுக ஃபரீன் தங்கையின் காதில் கெஞ்சினாள். அந்த வீட்டுக்காரர்கள் திட்டுவார்களா என்று மட்டும் சபா கேட்டாள். பிறகு, தன் பக்கத்தில் நடுங்கிக்கொண்டே இருந்த டீச்சரின் கையை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பேருந்து நிலையத்தில், வலைக்கூரையின் கீழே, அத்தா காத்திருந்தார். சபாவை அள்ளித் தூக்கிக்கொண்டார்.

"மலைல இன்னாம்மா பாத்த?"

சபா வாயைத் திறந்தாள். அவள் கண்கள் டீச்சரிடம் போய்த் திரும்பின.

"ஒண்ணும் பாக்கலத்தா," என்றாள். "கண்ணாடி தான் இருந்துச்சு."

அத்தா சிரித்துக்கொண்டே அவளைத் தோளில் சாய்த்துக்கொண்டு ஷேர் ஆட்டோவை நோக்கி நடந்தார். அவர் தோளுக்குப் பின்னாலிருந்து சபா அக்காவைப் பார்த்தாள். எதையும் மறைக்கத் தெரியாத அந்த முகத்தில் இப்போது எதுவுமே தெரியவில்லை. காட்டில்கூட வராத அளவுக்கு ஃபரீனுக்குப் பயம் வந்தது.